மூன்றாண்டு எம்.சிஹெச். நரம்பியல் அறுவைச் சிகிச்சைப் பயிற்சி: முடித்து வெளியே வந்தவளின் மதிப்பீடு

எம்.எஸ். பொது அறுவைச் சிகிச்சை முடித்து, நீட் எஸ்.எஸ். என்னும் உயர்சிறப்பு நுழைவுத் தேர்வில் தரவரிசையும் வாங்கிவிட்டு, நரம்பியல் அறுவைச் சிகிச்சையில் எம்.சிஹெச். என்னும் உயர்சிறப்புப் பட்டத்துக்கு எந்தக் கல்லூரியைத் தேர்ந்தெடுக்கலாம் என்று ஆண்டுக்கு நாலைந்து பேராவது என்னைக் கேட்கிறார்கள். தொலைபேசியில் பத்து நிமிடத்தில் சொல்லி முடிக்கிற விஷயமாக அது இல்லாததால், நான் பெற்ற பயிற்சியைப் பற்றி நிதானமாக எழுதிவைக்க நினைத்தேன். நான் படித்தது தமிழ்நாடு டாக்டர் எம்.ஜி.ஆர். மருத்துவப் பல்கலைக்கழகத்தின் கீழ் வரும் பெரிய அரசு மருத்துவக் கல்லூரிகளில் ஒன்று. அதன் பெயரை இங்கே சொல்லப்போவதில்லை. அங்கே நான் கண்ட நிறைகுறைகளில் பெரும்பாலானவை எங்கள் கல்லூரிக்கு மட்டும் உரியவையாக எனக்குத் தோன்றவில்லை. மற்றக் கல்லூரிகளில் படித்த நண்பர்களும் ஏறக்குறைய இதையேதான் சொல்கிறார்கள். அதோடு, எனக்குக் கத்தி பிடிக்கக் கற்றுக்கொடுத்தவர்களின் மனம் நோகவும் எனக்கு விருப்பமில்லை.

முதலில் காலக்கணக்கைச் சொல்லிவிடுகிறேன். பயிற்சி மருத்துவர் காலத்தையும் சேர்த்து எம்.பி.பி.எஸ். ஐந்தரை ஆண்டு, எம்.எஸ். மூன்று ஆண்டு, அதன்மேல் எம்.சிஹெச். மூன்று ஆண்டு. தேர்வுகளுக்குப் படித்த இடைக்காலத்தைச் சேர்க்காமலே பதினொன்றரை ஆண்டு ஆகிவிடுகிறது. எம்.எஸ். படிக்காமல், எம்.பி.பி.எஸ். முடித்தவுடன் நேரடியாக ஆறாண்டு நரம்பியல் அறுவைச் சிகிச்சையில் சேரும் வழியும் நம் நாட்டில் உண்டு. டெல்லி எய்ம்ஸ் போன்ற நிறுவனங்களிலும், தேசியத் தேர்வு வாரியம் நடத்தும் டி.ஆர்.என்.பி. திட்டத்திலும் அப்படிப் படிக்கலாம். அமெரிக்கப் பல்கலைக்கழக மருத்துவமனைகளில் இந்தப் பயிற்சி ஏழாண்டு. இவற்றோடு வைத்துப் பார்த்தால் மூன்றாண்டு என்பது மிகவும் குறுகிய காலம். குடலையும் இரத்தக்குழாயையும் மூன்றாண்டு கையாண்டு பழகிய ஒருவர் உள்ளே வருகிறார் என்ற நம்பிக்கையில்தான் இந்தப் பாடத்திட்டம் நிற்கிறது. அந்த நம்பிக்கை பாதி சரி. முடிச்சுப் போடவும் இரத்தத்தைக் கண்டு பதறாமல் இருக்கவும் எம்.எஸ். கற்றுத் தந்திருந்தது. ஆனால் மூளையைத் தொடுகிற விரலுக்கு வேண்டிய மென்மை வயிற்று அறுவையில் பழகிய விரலுக்கு இல்லை. முதல் ஆறு மாதம் பழையதை மறப்பதிலேயே போனது.

மறுபடி வாய்ப்பு வந்தால் இதே பயிற்சியில் சேர்வேனா என்று கேட்டால், சேர்வேன். ஆனால் அது எனக்குத் தராத ஒன்றை வெளியே தேடிப் பெற வேண்டியிருந்தது. அது என்னவென்று முன்பே தெரிந்திருந்தால் முதலாண்டிலிருந்தே தேடியிருப்பேன்.

நம் நாட்டில் இந்தத் துறை தொடங்கியதே தெற்கில்தான். மான்ட்ரியலில் புகழ்பெற்ற மூளை அறுவை நிபுணர் வைல்டர் பென்ஃபீல்டிடம் பயின்று திரும்பிய ஜேக்கப் சாண்டி 1949இல் வேலூர் கிறித்தவ மருத்துவக் கல்லூரியில் இந்தியாவின் முதல் நரம்பியல் அறுவைச் சிகிச்சைத் துறையைத் தொடங்கினார். அடுத்த ஆண்டே, இங்கிலாந்தின் நியூகாசிலில் பயின்று வந்த பி. ராமமூர்த்தி சென்னை அரசுப் பொது மருத்துவமனையில் தொடங்கினார். 1951இல் இவ்விருவரும் எஸ்.டி. நரசிம்மன், பல்தேவ் சிங் ஆகியோருடன் சேர்ந்து இந்திய நரம்பியல் சங்கத்தை நிறுவினார்கள். இதைப் பழம்பெருமைக்காகச் சொல்லவில்லை. ஆசிரியரின் கைப்பழக்கம் மாணவரின் கையில் அப்படியே இறங்குகிற தொழில் இது. எங்கள் யூனிட்டின் தலைவரான சீஃப், மூளையின் மேலுறையைத் திறக்கும்முன் ஈரப் பஞ்சுப் பட்டைகளை விளிம்போரமாக அடுக்குகிற முறையைத் தம் ஆசிரியரிடம் கற்றார். அந்த ஆசிரியர் ராமமூர்த்தியின் யூனிட்டில் இருந்தவர். இன்று நானும் அப்படித்தான் அடுக்குகிறேன்.

பெரிய அரசு மருத்துவமனையின் முதன்மையான பலம் அட்மிஷன் நாள். காலை எட்டு மணிக்குத் தொடங்கி மறுநாள் காலை எட்டு மணிவரை வருகிற எல்லா நரம்பியல் அவசரமும் அந்த யூனிட்டைச் சேரும். தலைக்கவசமின்றி இருசக்கர வண்டியிலிருந்து விழுந்தவர்கள், தென்னை மரத்திலிருந்து விழுந்து கழுத்தெலும்பு நொறுங்கியவர்கள், இரத்த அழுத்த மாத்திரையை நிறுத்திவிட்டு மூளைக்குள் கசிவோடு வருகிறவர்கள், காசநோய் மூளைச்சவ்வைத் தாக்கித் தலையில் நீர் கோத்த குழந்தைகள் என்று ஒரே இரவில் பாடநூலின் பல அத்தியாயங்கள் தள்ளுவண்டியில் வந்து நிற்கும். தனியார் மருத்துவமனையில் பயின்ற என் நண்பர் ஒருவர் மூன்றாண்டில் பார்த்த தலைக்காயங்களை நாங்கள் சில மாதங்களில் பார்த்துவிட்டோம். ஒரு ஸ்கேன் படத்தைத் திரையில் பார்த்த நொடியிலேயே இது தியேட்டருக்குப் போக வேண்டியது, இது நாளைவரை பொறுக்கும் என்று கண்ணுக்குத் தெரியத் தொடங்குவது இந்த எண்ணிக்கையால்தான். 1974இல் கிளாஸ்கோவில் வகுத்த, எண் குறையக் குறைய நினைவு மங்குவதைக் காட்டும் நினைவுநிலை மதிப்பெண் முறையை மாணவப் பருவத்தில் மனப்பாடம் செய்திருந்தேன். அட்மிஷன் நாட்களில்தான் பதின்மூன்றுக்கும் பதினொன்றுக்கும் இடையே ஒரு மனிதர் நழுவிப்போவது எப்படி இருக்கும் என்று பார்த்தேன். கேட்ட கேள்விக்குப் பதில் சொல்லிக்கொண்டிருந்தவர் கேள்வியைத் திருப்பிச் சொல்லத் தொடங்குவார். பிறகு ஒற்றைச் சொற்கள்தான் வரும். அதற்குள் தியேட்டரை எழுப்பியிருக்க வேண்டும்.

என் முதல் அறுவையை விரிவாகச் சொல்ல ஆசைப்படுகிறேன். சேர்ந்த மூன்றாவது வாரம். எழுபது வயதைக் கடந்த பெரியவர். ஒன்றரை மாதத்துக்கு முன்பு குளியலறையில் வழுக்கி விழுந்திருக்கிறார், அப்போது ஒன்றும் தெரியவில்லை. இப்போது ஒரு பக்கம் கைகால் தளர்ந்து, இரண்டு நாளாகப் பேச்சில்லாமல் வந்திருந்தார். மூளையுறைக்குக் கீழே நாள்பட்ட இரத்தத் தேக்கம். பொது மயக்கம் தராமல், தோலுக்கு மட்டும் மரத்துப்போகும் ஊசி போட்டு, மண்டையோட்டில் இரண்டு துளை இடுவதுதான் சிகிச்சை. கையால் சுழற்றும் ஹட்சன் பிரேஸை என்னிடம் கொடுத்துவிட்டு, மூன்றாமாண்டு சீனியர் என் மணிக்கட்டின்மேல் தம் கையை வைத்துக்கொண்டார். எலும்பின் வெளிப்பலகையில் கரகரவென்று இறங்குகிற துளைப்பான் நடுப்பகுதியில் சற்று வழுவழுப்பாகச் சுழலும். உட்பலகையைத் தொடும்போது மறுபடி பிடிக்கும். அந்தப் பிடிமானத்தை விரல் உணர்கிற கணத்தில் நிறுத்த வேண்டும். "அவசரப்படாதேம்மா, எலும்பே சொல்லும்" என்றார் சீனியர். உறையைக் கீறியதும் பழைய எஞ்சின் ஆயில் நிறத்தில் திரவம் அழுத்தத்தோடு பீறிட்டு வெளியே வந்து, பிறகு மெல்ல மெல்ல வழிந்தது. உப்புநீர் விட்டுக் கழுவத் தொடங்கிய சில நிமிடங்களில், துணிக்கு அடியிலிருந்து, "என்னம்மா பண்றீங்க, கொஞ்சம் தண்ணி குடுங்களேன்" என்று குரல் கேட்டது. இரண்டு நாளாகப் பேசாதிருந்தவர் பேசினார். என் கண்ணாடிக்குள் பனி படர்ந்துவிட்டது, சிஸ்டர்தான் துடைத்துவிட்டார்.

இந்த அறுவையைப் பற்றி இன்னொன்றும் சொல்ல வேண்டும். கேம்பிரிட்ஜில் நடந்து 2009இல் வெளியான ஓர் ஆய்வு, துளையிட்ட இடத்தில் இரண்டு நாள் வடிகுழாய் விட்டுவைத்தால் மறுபடி அறுவை செய்ய நேர்வது 24 சதவீதத்திலிருந்து 9.3 சதவீதமாகக் குறைகிறது என்று காட்டியது. எங்கள் யூனிட்டில் சிலர் குழாய் வைப்பார்கள், சிலர் வைக்கமாட்டார்கள். வாராந்தர வகுப்பில் நான் அந்த ஆய்வை எடுத்துப் பேசியபோது சீஃப் குறுக்கிடாமல் கேட்டார். மறுவாரத்திலிருந்து எல்லோருக்கும் குழாய் என்று உத்தரவிட்டார். முதலாண்டு மாணவி ஒருத்தி சொன்னதைக் கேட்டுத் தம் முப்பதாண்டு வழக்கத்தை மாற்றிக்கொண்ட ஆசிரியர் கிடைத்தது என் பயிற்சியின் பெரிய பேறு என்று கருதுகிறேன்.

அவசர அறுவைகளில் கை தேர்வதற்கு இப்படிப்பட்ட பயிற்சிக்கு நிகரில்லை. மூளையின் நீரறைக்குள் வடிகுழாய் செலுத்துவதைப் படத்தில் பார்த்தால் எளிதாகத் தோன்றும்: மூக்கின் வேரிலிருந்து பின்னோக்கிச் சுமார் 11 செ.மீ., நடுக்கோட்டிலிருந்து பக்கவாட்டில் சுமார் 3 செ.மீ., அங்கே துளையிட்டு, அதே பக்கத்துக் கண்ணின் உள்முனையையும் காதின் முன்மடலையும் குறிவைத்து ஆறு செ.மீ. ஆழத்துக்குள் குழாயைச் செலுத்த வேண்டும். கண்ணுக்குத் தெரியாத இலக்கு அது. நீரறையின் சுவரைக் குழாய் கடக்கும்போது விரல்நுனியில் மிக நுட்பமான ஒரு தளர்வு தெரியும். அடுத்த நொடியில் தெளிந்த நீர் சொட்டும். நாளொன்றுக்கு அரை லிட்டர் அளவு ஊறுகிற அந்த நீர் வெளியேற வழியின்றி நின்றால் என்ன ஆகும் என்பதை அறிந்தவருக்கு அந்த முதல் சொட்டு எவ்வளவு பெரிது என்பது புரியும். மூன்று முறை முயன்று கிடைக்காவிட்டால் நிறுத்திவிட்டு மூத்தவரைக் கூப்பிட வேண்டும் என்பது எங்கள் யூனிட்டின் விதி. அந்த விதியை யாரும் மீறி நான் பார்த்ததில்லை.

ஆனால் திட்டமிட்ட அறுவைகளில், அதாவது மூளைக்கட்டி, இரத்தக்குழாய் வீக்கம், மண்டையடிக் கட்டி (மண்டையோட்டின் அடிப்பகுதியில் வளர்வது) போன்றவற்றில், நிலைமை வேறு. முதலாண்டில் தோலையும் எலும்பையும் திறந்து மூடுவோம். இரண்டாமாண்டில் உறைவரை போவோம். மைக்ரோஸ்கோப் உள்ளே வந்ததும் பக்கத்துத் திரையைப் பார்த்துக்கொண்டு நிற்க வேண்டியதுதான். மூன்றாமாண்டில் மேலோட்டமான கட்டிகளை மூத்தவர் துணையோடு எடுத்தேன். இரத்தக்குழாய் வீக்கத்துக்குக் கிளிப் போடுவதை ஒருமுறைகூட என் கையால் செய்யவில்லை. யாரையும் குறை கூற முடியாத ஒரு காரணம் இதற்கு உண்டு. வாரத்துக்கு இரண்டு திட்டமிட்ட தியேட்டர் நாட்கள், அவற்றிலும் பாதி நேரம் முந்தைய இரவின் அவசரங்களுக்குப் போய்விடும். மிஞ்சியிருக்கிற நேரத்தில், மாதக்கணக்கில் காத்திருந்து வந்த நோயாளியை மாணவர் கையில் மெதுவாகச் செய்யவிட எந்த ஆசிரியருக்கும் மனம் வராது. எங்கள் ஊர் மருத்துவமனையின் கூட்டம்தான் எங்களுக்குக் கற்றுக்கொடுத்தது. நிதானமாகக் கற்கும் நேரத்தை எடுத்துக்கொண்டதும் அந்தக் கூட்டம்தான்.

இந்தக் குறையைத் தியேட்டருக்கு வெளியே ஓரளவு ஈடுகட்டலாம். மைக்ரோஸ்கோப் வழி மூளை அறுவையின் முன்னோடியான சூரிச்சின் யாசர்கில், மைக்ரோஸ்கோப்பைத் தம் தியேட்டருக்குக் கொண்டுவரும் முன், 1965-66இல் ஓராண்டுக்கு மேல் அமெரிக்காவின் வெர்மான்ட்டில் டோனகி என்ற அறுவை மருத்துவரின் ஆய்வுக்கூடத்தில் சிறு இரத்தக்குழாய்களைத் தைத்துப் பழகினார். நாங்கள் பழைய மைக்ரோஸ்கோப் ஒன்றைத் துறையின் சாமான் அறையிலிருந்து எடுத்துத் தூசி தட்டி, கோழி இறக்கையை வைத்துப் பழகினோம். இறக்கையின் எலும்பை ஒட்டி ஓடும் தமனி ஏறக்குறைய ஒரு மில்லிமீட்டர் தடிமன் இருக்கும்; தலைமுடியைவிட மெல்லிய பத்து-பூஜ்யம் நைலான் நூலால் அதன் வெட்டுவாயைச் சேர்த்துத் தைக்க வேண்டும். முதல் நாள் ஒரு தையல் போட அரைமணி நேரம் ஆயிற்று. நாடித்துடிப்பே கையை ஆட்டுவது மைக்ரோஸ்கோப்பின் கீழேதான் தெரிகிறது. மூன்று மாதத்தில் எட்டுத் தையல்களை இருபத்தைந்து நிமிடத்தில் முடித்தேன். இதற்குத் துறையின் உத்தரவோ பணமோ வேண்டியிருக்கவில்லை. கறிக்கடை அண்ணன் வாரம் இருமுறை இறக்கைகளைத் தனியே எடுத்துவைத்தார்.

வேலைநேரத்தைப் பற்றி மனம்விட்டு எழுத வேண்டும். அட்மிஷன் நாள் காலை எட்டு மணிக்குள் நுழைந்தால், மறுநாள் ரவுண்ட்ஸ், அறுவைக்குப் பின் பார்ப்பது, குறிப்பெழுதுவது எல்லாம் முடிந்து மாலை ஆறுக்குத்தான் வெளியே வருவோம். முப்பத்துநான்கு மணி நேரம். இந்தியாவில் 1992இலேயே மத்திய சுகாதார அமைச்சகம், உறைவிட மருத்துவர்கள் தொடர்ச்சியாகப் பன்னிரண்டு மணி நேரத்துக்கு மேல் பணியில் இருக்கக்கூடாது என்று வழிகாட்டியது. அமெரிக்காவில் 2003 முதல் வாரத்துக்கு 80 மணி நேரம் என்ற உச்சவரம்பு இருக்கிறது. தேசிய மருத்துவ ஆணையத்தின் 2023ஆம் ஆண்டு விதிமுறைகள் நியாயமான வேலைநேரம், வாரம் ஒருநாள் ஓய்வு, ஆண்டுக்கு இருபது நாள் தற்செயல் விடுப்பு என்று சொல்கின்றன. எத்தனை மணி நேரம் என்று எண் போட்டுச் சொல்லவில்லை. எண் இல்லாத இடத்தில் வழக்கமே சட்டமாகிவிடுகிறது.

அந்தக் களைப்பு என்ன செய்யும் என்பதற்கு என் வாழ்க்கையிலிருந்தே ஒரு சான்று. இரண்டாமாண்டில், இருபத்தெட்டாவது மணி நேரத்தில், இடப்பக்கத் தேக்கமுள்ள ஒருவருக்கு வலப்பக்கத்தில் முடி மழித்துக் கோடு போட்டுவிட்டேன். படத்தைப் பார்த்தேன், குறிப்பையும் நானே எழுதினேன், ஆனாலும் கை மறுபக்கம் போனது. கத்தி வாங்கும்முன் பக்கத்தைச் சரிபார்க்கும் பட்டியலை உலக சுகாதார நிறுவனம் 2008இல் வெளியிட்டது. எங்கள் தியேட்டரில் அதைப் பலர் சடங்காகவே படித்தார்கள். அன்று பணியிலிருந்த சிஸ்டர் அப்படிப் படிக்கிறவர் இல்லை. படத்தை மறுபடி திரையில் போடச் சொல்லி, "டாக்டர், கொஞ்சம் பாருங்க" என்று மட்டும் சொன்னார். வேறு யாரும் கவனிக்காதபடி மெதுவான குரலில் சொன்னார். அந்த நோயாளிக்கு ஒன்றும் ஆகவில்லை. எனக்கு அன்றிரவு தூக்கம் வரவில்லை. அத்தனை களைப்பிலும் வரவில்லை. இன்று எந்த மருத்துவமனையில் அறுவை செய்தாலும் அந்தப் பட்டியலை நானே உரக்கப் படிக்கிறேன்.

இத்துறைக்கு வர நினைக்கும் பெண்களுக்குத் தனியாக ஒரு சொல். ஆசியாவின் முதல் பெண் நரம்பியல் அறுவை மருத்துவர் என்று அறியப்படும் டி.எஸ். கனகா சென்னையில் பயின்றவர், 1968இல் எம்.சிஹெச். பட்டம் பெற்றவர். அரை நூற்றாண்டுக்கு மேல் கடந்த பிறகும் எங்கள் துறையில் பெண்கள் ஓய்வெடுக்கத் தனியறை இல்லை. பணி இரவுகளில் நர்ஸ்களின் அறையில் நாற்காலிகளைச் சேர்த்துப்போட்டுப் படுத்தேன். வார்டில் நோயாளிகளின் உறவினர்கள் என்னைச் சிஸ்டர் என்றே கூப்பிடுவார்கள், எனக்குப் பின்னால் நிற்கும் பயிற்சி மருத்துவரான பையனிடம் நோயைப் பற்றிக் கேட்பார்கள். அதில் எனக்கு வருத்தமில்லை. சொல்லச் சொல்லப் புரிந்துகொண்டார்கள். ஆனால் அறை இல்லாததைப் பொறுத்துக்கொள்ளத் தேவையில்லை என்று இன்று நினைக்கிறேன். அப்போதே எழுத்துமூலம் கேட்டிருக்க வேண்டும். எனக்குப்பின் வந்த இருவர் கேட்டார்கள், கிடைத்தது.

கத்திக்கு அப்பாற்பட்ட வேலையில் மிகக் கடினமானது மூளைச்சாவை உறுதி செய்வது. 1994ஆம் ஆண்டு உறுப்புமாற்றுச் சட்டப்படி, நால்வர் கொண்ட மருத்துவர் குழு குறைந்தது ஆறு மணி நேர இடைவெளியில் இருமுறை சோதித்து உறுதிப்படுத்த வேண்டும். அந்த ஆறு மணி நேரம் குடும்பத்தார் வெளியே காத்திருப்பார்கள். நெஞ்சு ஏறி இறங்குவதைக் கண்ணாடி வழியாகப் பார்த்துக்கொண்டிருப்பார்கள். "மூச்சு வருதே டாக்டரம்மா" என்று ஒரு தாய் என் கையைப் பிடித்துக்கொண்டு சொன்னார். அந்த மூச்சு இயந்திரத்தினுடையது என்பதை அவருக்குச் சொல்லும் சொற்களை எந்த வகுப்பிலும் யாரும் எனக்குச் சொல்லித்தரவில்லை. எங்கள் உதவிப் பேராசிரியர் ஒருவர் செய்வதைப் பார்த்துக் கற்றேன்: அவர் நின்றுகொண்டு பேசமாட்டார். தரையில் உட்கார்ந்திருந்தால் தாமும் தரையில் உட்காருவார். போய்விட்டார் என்ற சொல்லை மழுப்பாமல் ஒருமுறை சொல்வார், பிறகு வெகுநேரம் பேசாமல் இருப்பார். உறுப்புக்கொடை பற்றி அந்த அமர்வில் வாய் திறக்கமாட்டார். அதைப் பேசுவதற்கென்று உள்ள ஒருங்கிணைப்பாளர் பிறகு வந்து பேசுவார். தமிழ்நாட்டில் 2008இல் தொடங்கிய உறுப்புமாற்றுத் திட்டம் மற்ற மாநிலங்களுக்கு முன்மாதிரியானதற்கு இப்படித் தரையில் உட்கார்ந்தவர்களும் காரணம் என்று நான் நம்புகிறேன்.

கருவிகளையும் பணத்தையும் பற்றிச் சுருக்கமாகச் சொல்கிறேன். உத்தரப்பிரதேசத்தின் ஷாஜகான்பூரில் தயாராகும், தலையில் தேங்கும் நீரை உடலுக்குள்ளேயே வடித்துவிடும் சாப்ரா ஷன்ட் குழாய் இல்லாவிட்டால் தலையில் நீர் கோத்த குழந்தைகளுக்கு எங்களால் இத்தனை அறுவை செய்திருக்க முடியாது. வெளிநாட்டுக் குழாயின் விலையில் ஒரு சிறு பங்குதான் அது. 2021 டிசம்பரில் மாநில அரசு தொடங்கிய இன்னுயிர் காப்போம் திட்டம் விபத்தில் சிக்கியவருக்கு முதல் 48 மணி நேரச் சிகிச்சையை இலவசமாக்கியது. இரவில் நீக்க முடியாத ஒரே தடையாக இருந்த பணம் அத்தோடு எங்கள் பேச்சிலிருந்து மறைந்தது. அறுவையின்போது மூளைக்குள் இடம் காட்டும் வழிகாட்டும் கருவி வாரத்தில் சில நாள் பழுதாக இருக்கும்; அது இல்லாமல் அளந்து குறிக்கப் பழகியது பின்னாளில் எனக்கு நன்மையாகவே முடிந்தது. இரத்தக்குழாய் வழியாகச் செய்யும் சிகிச்சையில் எங்களுக்குப் பார்வையாளர் இடம்தான். அதை விரும்புகிறவர்கள் எம்.சிஹெச். முடித்துத் தனியே ஃபெலோஷிப் செய்யும் எண்ணத்தோடு வருவது நல்லது.

இனி, இந்தப் பயிற்சி எனக்குத் தராதது. தலைக்காயத்தில் மூளை வீங்கும்போது மண்டையோட்டின் ஒரு பெரும்பகுதியை எடுத்துவைத்து வீக்கத்துக்கு இடம் கொடுக்கும் அறுவையை மூன்றாண்டில் நூற்றுக்கும் மேல் செய்திருக்கிறேன். எடுத்த எலும்பை நோயாளியின் வயிற்றுத் தோலுக்கடியில் பத்திரப்படுத்துவோம். பெரும்பாலும் நள்ளிரவில், ஒன்றரை மணி நேரத்தில் முடித்துவிடலாம். முடித்ததும் மூளை மெல்லத் துடிக்கத் தொடங்குவதைப் பார்க்கும்போது ஒரு உயிரைத் திருப்பிக் கொண்டுவந்துவிட்டோம் என்றே தோன்றும். அவர்களில் எத்தனை பேர் ஆறு மாதம் கழித்து எழுந்து நடந்தார்கள், எத்தனை பேர் கண் திறந்தும் யாரையும் அறியாமல் கிடந்தார்கள் என்று கேட்டால், செய்த அறுவைகளைப் பதியும் என் லாக் புக்கில் பதில் இல்லை. பத்து நாளில் படுக்கை காலியாக வேண்டும்; மாவட்ட மருத்துவமனைக்கு அனுப்புவோம். மறுபரிசோதனை நாளன்று நான் தியேட்டரில் இருப்பேன். தொலைவிலிருந்து வருகிறவர்கள் ஒருமுறை வந்து, நீண்ட வரிசையில் நின்று, மறுமுறை வரமாட்டார்கள்.

மண்டைக்குள் அழுத்தம் மருந்துக்குக் கட்டுப்படாத 408 தலைக்காய நோயாளிகளைப் பின்தொடர்ந்து 2016இல் வெளியான ரெஸ்க்யூ ஐ.சி.பி. ஆய்வை நான் மூன்றாமாண்டில்தான் ஊன்றிப் படித்தேன். ஆறு மாதத்தில், மருந்து மட்டும் பெற்றவர்களில் 48.9 சதவீதத்தினர் இறந்திருந்தார்கள். அறுவை செய்தவர்களில் 26.9 சதவீதத்தினர். ஆனால் உணர்வற்ற நிலையில் கிடந்தவர்கள் மருந்துப் பிரிவில் 2.1 சதவீதம், அறுவைப் பிரிவில் 8.5 சதவீதம். இந்த எண்களுக்குப் பின்னால் இருக்கிற வீடுகளை நான் பார்த்ததே இல்லை என்று அன்று உறைத்தது. அந்த வீட்டில் ஒரு மனைவியோ தாயோ இரண்டு மணி நேரத்துக்கு ஒருமுறை ஒருவரைப் புரட்டிப் படுக்கவைக்கிறார், மூக்குக் குழாயில் கஞ்சி விடுகிறார். எப்போது அறுவை செய்ய வேண்டும் என்பதை இரவுகள் எனக்குச் சொல்லித்தந்துவிட்டன. எப்போது செய்யாதிருக்க வேண்டும் என்பதை அந்த வீடுகள்தான் சொல்லித்தர முடியும், அங்கே போகும் வழி என் பயிற்சியில் இல்லை.

அதன்பின் நானாகவே ஒன்று செய்தேன். சீஃபின் அனுமதியோடு, நான் அறுவை செய்தவர்களின் உறவினர் தொலைபேசி எண்களை ஒரு நோட்டில் எழுதிவைத்து, ஞாயிறுதோறும் மதியம் ஐந்தாறு பேரைக் கூப்பிட்டுப் பேசினேன். சில எண்கள் எடுக்கப்படவில்லை. சிலர் இறந்த செய்தியைச் சொன்னார்கள், சொல்லிவிட்டு என் நலம் விசாரித்தார்கள். ஒரு கொத்தனார், ஏணியிலிருந்து விழுந்தவர், எட்டாவது மாதம் எலும்பைத் திரும்ப வைத்துக்கொள்ள நடந்தே வந்தார். தலையின் ஒரு பக்கம் குழிந்திருந்ததால் துண்டைச் சுற்றிக் கட்டியிருந்தார். வயிற்றிலிருந்து எடுத்த அவருடைய எலும்பை மறுபடி பொருத்தியது நான்தான். இடக்கையில் கரணையை இன்னும் சரியாகப் பிடிக்க முடியவில்லை என்றும், மகனை வேலைக்குப் பழக்கிக்கொண்டிருப்பதாகவும் சொன்னார். அந்த நோட்டில் எழுபத்தொரு பெயர்கள் சேர்ந்தன. என் பட்டச் சான்றிதழைவிட அதைப் பத்திரமாக வைத்திருக்கிறேன்.

பயிற்சி முடிந்து ஒரு மாவட்டத் தலைநகரில் பணியில் சேர்ந்த முதல் வாரத்திலேயே, தலைக்காயம், நாள்பட்ட தேக்கம், நீர்க்கோவை, கழுத்து முதுகெலும்பு முறிவு ஆகியவற்றைத் துணையின்றி என்னால் செய்ய முடிந்தது. மண்டையடிக் கட்டிகளையும் இரத்தக்குழாய் வீக்கங்களையும் பெரிய மையங்களுக்கு அனுப்பினேன். ஓராண்டு ஃபெலோஷிப் செய்த பிறகுதான் அவற்றில் சிலவற்றை நானே செய்யத் துணிந்தேன். நம் மாவட்டங்களுக்கு உடனடியாகத் தேவைப்படும் மருத்துவரை மூன்றாண்டில் உருவாக்குகிற விஷயத்தில் இந்தப் பயிற்சிக்கு நான் முழு மதிப்பெண் தருவேன். மைக்ரோஸ்கோப் பயிற்சிக்குப் பாதி தருவேன். அறுவைக்குப் பிந்தைய வாழ்க்கையைக் கற்பிப்பதில் மதிப்பெண் தர ஒன்றுமில்லை. அதை மாற்றுவதற்கு மிகுந்த செலவும் ஆகாது, வாரத்தில் ஒரு காலைப்பொழுதை மாணவர்களுக்கு விடுவித்துக் கொடுத்தால் போதும்.

ஆகவே, கலந்தாய்வில் பெயரையும் தரவரிசையையும் மட்டும் பார்த்து இடத்தைத் தேர்ந்தெடுக்காதீர்கள். நேரில் போய்ப் பாருங்கள். வெளியாள் வந்து நிற்பதை எந்தத் துறையும் தடுத்து நான் கேட்டதில்லை. அட்மிஷன் நாள் இரவு பதினொரு மணிக்குப் போய், தியேட்டரில் முதலாண்டு மாணவர் அறுவை செய்யும்போது பக்கத்தில் நிற்பது யார் என்று கவனியுங்கள். மூன்றாமாண்டு மாணவரைத் தேநீர்க் கடைக்கு அழைத்துப்போய், மைக்ரோஸ்கோப்பின் கீழே அவர் கடைசியாக எப்போது உட்கார்ந்தார் என்று கேளுங்கள். கூட்டிச் சொல்லவும் குறைத்துச் சொல்லவும் தேவையில்லாத இடம் அது. பிறகு, மறுபரிசோதனை நாளன்று காலை ஒன்பது மணிக்கு ஓபியின் வெளி பெஞ்சில் நோயாளிகளோடு உட்காருங்கள். உள்ளே நாற்காலியில் இருப்பவர் அவர்களை அறுவை செய்தவரா, அவர்களுடைய பெயர் அவருக்குத் தெரிகிறதா என்று பாருங்கள். படிவத்தை அன்று மாலை நிரப்பலாம்.